விருந்தாளி மாட்டுக்குத் தீனி வைப்பானா? ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ படத்தை முதன்முறை பார்ப்பவர்களுக்கு

இந்தப் படத்தைப் பாதியில் நிறுத்தியவர்கள் எனக்குத் தெரிந்தே ஏழெட்டுப் பேர் இருக்கிறார்கள். எல்லோரும் நல்ல ரசனை உள்ளவர்கள். புத்தகம் படிப்பவர்கள், மலையாளப் படங்களைத் தேடிப் பார்ப்பவர்கள். “பஸ் போய்க்கொண்டே இருக்கிறது, கதை எப்போது வரும்?” என்று கேட்டார் ஒருவர். “அவனுக்குப் பேய் பிடித்ததா, புத்தி பேதலித்ததா? அதை மட்டும் சொல், மீதியைப் பார்க்கிறேன்” என்றார் இன்னொருவர். அவர்களுக்காக எழுதத் தொடங்கிய குறிப்புகள் இவை. உருவகமாகவும் சோதனையாகவும் எடுக்கப்பட்ட படங்களுக்குப் பழக்கமில்லாத யாரும் இந்த வரிசையில் நடந்து பார்க்கலாம். முடிவை நான் சொல்லப்போவதில்லை. கதையின் முன்பாதியை மட்டும் சொல்லியே ஆக வேண்டியிருக்கிறது.

லிஜோ ஜோஸ் பெல்லிசேரி இயக்கிய படம். கதையும் அவருடையதே. திரைக்கதை எழுத்தாளர் எஸ். ஹரீஷ், ஒளிப்பதிவு தேனி ஈஸ்வர். மம்மூட்டி நடித்ததோடு தன் சொந்த நிறுவனத்தின் வழியாகத் தயாரிக்கவும் செய்தார். 2022 டிசம்பரில் திருவனந்தபுரத்தில் நடந்த கேரள சர்வதேசத் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டுப் பார்வையாளர் விருது பெற்றது. 2023 ஜனவரி 19 அன்று திரையரங்குகளுக்கு வந்தது. 2022ஆம் ஆண்டுக்கான கேரள மாநில விருதுகளில் சிறந்த படம், சிறந்த நடிகர் ஆகிய இரண்டையும் வென்றது.

கதை இதுதான். வேளாங்கண்ணிக்குப் போய்விட்டுக் கேரளத்துக்குத் திரும்பிக்கொண்டிருக்கிறது ஒரு பஸ். உள்ளே ஒரு நாடகக் குழு, குடும்பங்களோடு. குழுவை நடத்துபவர் ஜேம்ஸ். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு பஸ்ஸில் எல்லோரும் தூங்கிப்போகிறார்கள். ஜேம்ஸ் மட்டும் விழித்து, வழியில் பஸ்ஸை நிறுத்தச் சொல்லி, இறங்கி வயல்வெளியில் நடக்கிறார். ஒரு தமிழ்க் கிராமம் வருகிறது. தெரு தெரிந்தவர்போல் போகிறார், ஒரு வீட்டுக்குள் நுழைகிறார், கொடியில் கிடக்கும் லுங்கியை எடுத்துக் கட்டிக்கொள்கிறார், மாட்டுக்குத் தீனி வைக்கிறார். அது சுந்தரத்தின் வீடு. சுந்தரம் இரண்டு ஆண்டுகளுக்கு முன் காணாமல் போனவர். வந்தவர் இப்போது தமிழில் பேசுகிறார், சுந்தரமாகவே பேசுகிறார். பஸ்ஸில் வந்தவர்கள் அவரைத் தேடிக்கொண்டு அந்த ஊருக்குள் வந்து சேர்கிறார்கள்.

முதல் படி: பதினான்கு நிமிடப் பயிற்சி

நேராக இந்தப் படத்துக்குப் போக வேண்டாம். முந்தைய நாள் ஒரு சிறிய படத்தைப் பாருங்கள். மாயா டெரன் தன் கணவர் அலெக்சாண்டர் ஹாமிடுடன் சேர்ந்து 1943இல் எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’. நீளம் பதினான்கு நிமிடம்தான். முதலில் ஒலியே இல்லாமல் இருந்த படம். டெய்ஜி இட்டோவின் இசை 1959இல் சேர்க்கப்பட்டது.

ஒரு பெண் வீட்டுக்கு வருகிறாள், நாற்காலியில் சாய்கிறாள், கண்ணயர்கிறாள். பிறகு அவளே மறுபடியும் வீட்டுக்கு வருகிறாள், மறுபடியும் வருகிறாள். சாவி, கத்தி, பூ, மாடிப்படி ஆகியவை திரும்பத் திரும்பத் தோன்றுகின்றன. கறுப்பு அங்கி அணிந்த ஓர் உருவம் முன்னால் நடந்து போகிறது, அதற்கு முகம் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடி இருக்கிறது. ‘கத்தி என்றால் என்ன பொருள்?’ என்று அகராதி தேடாதீர்கள். ஒரே பொருள் இரண்டாம் முறை வரும்போது எது மாறியிருக்கிறது என்பதை மட்டும் கவனியுங்கள். இந்த ஒரு பழக்கம் வந்துவிட்டால் போதும், அடுத்த நாள் பார்க்கப்போகும் படத்துக்கு நீங்கள் பாதி தயார்.

இந்தப் படத்தைப் பரிந்துரைக்க இன்னொரு காரணமும் உண்டு. பிற்பகல் தூக்கத்தில் தன்னைப் பலராகக் கண்ட பெண்ணைப் படம் எடுத்த அதே மாயா டெரன், 1947இல் ஹைட்டிக்குப் போனார். அங்கே வோடூ வழிபாட்டில் மனிதர்கள் மேல் தெய்வம் இறங்குவதைப் பார்த்தார், படம் பிடித்தார், பின்னர் புத்தகமும் எழுதினார். தெய்வம் ஏறியவரை அந்த வழிபாட்டில் ‘குதிரை’ என்பார்கள். ஏறி வருபவர் வேறு, சுமப்பவர் வேறு. நம் ஊரில் ‘சாமி இறங்கியிருக்கிறது’ என்கிறோம், அவர்கள் ‘ஏறியிருக்கிறது’ என்கிறார்கள். திசை மாறினாலும் கணக்கு ஒன்றுதான்.

இரண்டாம் படி: எப்படி உட்கார வேண்டும்

படம் இரண்டு மணி நேரத்துக்கும் குறைவு. நான் திரையரங்கில் தவறவிட்டு நெட்ஃபிளிக்ஸில்தான் முதலில் பார்த்தேன். அப்படிப் பார்க்கிறவர்கள் இரண்டு விஷயங்களில் கறாராக இருங்கள்.

ஒன்று, மொழி. மலையாளமும் தமிழும் கலந்த மூல வடிவத்தையே பாருங்கள். எல்லாம் தமிழில் பேசும் குரல்மாற்றுப் பதிப்பு எங்காவது கிடைத்தாலும் அதை விட்டுவிடுங்கள். ஜேம்ஸ் பேசுவதும் தமிழ், சுந்தரம் பேசுவதும் தமிழ் என்று ஆகிவிட்டால் படத்தில் எதுவுமே நடக்காது. ஒரு மனிதர் தூங்குமுன் ஒரு மொழியிலும் எழுந்தபின் வேறொரு மொழியிலும் இருக்கிறார் என்பதுதான் இங்கே அதிசயம். மலையாளம் புரியாத இடத்தில் கீழே ஓடும் எழுத்துகளைப் படித்துக்கொள்ளுங்கள். தமிழ் வருமிடத்தில் கண்ணைத் திரைக்கு முழுதாகக் கொடுங்கள். இந்தச் சலுகை நமக்கு மட்டும்தான் கிடைத்திருக்கிறது.

இன்னொன்று, ஒலி. நல்ல ஒலிபெருக்கியோ காதில் மாட்டும் ஹெட்ஃபோனோ அவசியம். ஏன் என்பது ஐந்தாம் படியில் வரும்.

மூன்றாம் படி: தலைப்பை வாய்விட்டுச் சொல்லுங்கள்

நண்பகல் நேரத்து மயக்கம். மலையாளத் தலைப்பு, ஆனால் ஒரு சொல்கூட நமக்கு அந்நியமில்லை. மலையாளத்தில் ‘மயக்கம்’ என்றால் கண்ணயர்தல், சிறு தூக்கம். தமிழில் அதே சொல் தலைசுற்றலாகவும், போதையாகவும், ஆசையாகவும், ஒன்றை இன்னொன்றாகக் காண்பதாகவும் விரிகிறது. பஸ்ஸில் இருப்பவர்களுக்கு நடந்தது மலையாள மயக்கம். ஊர்க்காரர்கள் பார்ப்பது தமிழ் மயக்கம்.

நம் இலக்கணத்தில் திணைமயக்கம் என்று ஒன்று இருக்கிறது. ஒரு நிலத்துக்குரியது இன்னொரு நிலத்தில் வந்து கலப்பது. நண்பகலுக்கும் அங்கே ஓர் இடம் உண்டு. ‘நடுவுநிலைத் திணையே நண்பகல் வேனிலொடு’ என்று தொல்காப்பியம் பாலைக்கு நண்பகலைக் கொடுக்கிறது. பாலையின் உரிப்பொருள் பிரிவு. கணவன் போன வழியைப் பார்த்துக்கொண்டு நிற்பவளின் பொழுது அது. இயக்குநர் இதையெல்லாம் நினைத்துத்தான் பெயர் வைத்தாரா என்பது எனக்கு முக்கியமில்லை. சுந்தரத்தின் மனைவி பூங்குழலியை முதன்முதலில் திரையில் பார்க்கும்போது, அவள் இரண்டு ஆண்டுகளாக இந்தப் பொழுதில்தான் நின்றுகொண்டிருக்கிறாள் என்று எனக்குப் பட்டது.

இன்னும் எளிய வழியும் இருக்கிறது. “உச்சி உருமத்தில் வெளியே போகாதே” என்று பாட்டிமார் சொன்ன வீட்டில் வளர்ந்தவரா நீங்கள்? நிழல் காலடியில் சுருங்கிவிடும் அந்த நேரத்தில் முனி நடமாடும் என்று பயந்தவரா? அப்படியானால் இந்தப் படத்தின் பொழுது உங்கள் உடம்புக்கு ஏற்கெனவே தெரியும். பொதுவாகப் பேய்ப்படங்கள் இருட்டைத் தேடிப் போகும். இந்தப் படம் பட்டப்பகலில் நடக்கிறது.

நான்காம் படி: முதல் பகுதியில் ஜேம்ஸைக் கணக்கெடுங்கள்

‘ஒன்றும் நடக்கவில்லை’ என்று பலரும் நிறுத்துவது இந்தப் பகுதியில்தான். இங்கே உங்களுக்கு ஒரு வேலை தருகிறேன். ஒரு தாளை எடுத்துக்கொண்டு, ஜேம்ஸ் எதைச் சாப்பிடுகிறார், எதைக் குறை சொல்கிறார், என்ன உடுத்துகிறார், யாரிடம் சிடுசிடுக்கிறார், காசுக்கு எப்படிக் கணக்குப் பார்க்கிறார், பஸ்ஸில் ஓடும் தமிழ்ப் பாட்டு அவருக்கு எப்படி இருக்கிறது என்று குறித்துக்கொண்டே வாருங்கள். எல்லாம் சில்லறை விஷயங்களாகத் தோன்றும். ஆனால் ‘நான் இன்னார்’ என்று நாம் நம்பிக்கொண்டிருப்பதில் பெரும்பகுதி இந்தச் சில்லறைதான். கொஞ்ச நேரத்தில் இந்தப் பட்டியல் ஒவ்வொன்றாகக் கழன்று விழும்போது, கையில் தாள் வைத்திருப்பவருக்குத்தான் அந்த அதிர்ச்சி முழுதாகக் கிடைக்கும்.

விடுதியில் ஒரு திருக்குறள் வருகிறது. ஜேம்ஸ் அதற்குப் பொருள் கேட்கிறார்.

உறங்குவது போலுஞ் சாக்காடு உறங்கி
விழிப்பது போலும் பிறப்பு.

நிலையாமை அதிகாரத்தின் ஒன்பதாவது குறள் இது. பள்ளியில் மனப்பாடம் செய்திருப்பீர்கள். படம் முடிந்த பிறகு அதற்கடுத்த குறளையும் எடுத்துப் படியுங்கள். ‘புக்கில் அமைந்தின்று கொல்லோ உடம்பினுள் துச்சில் இருந்த உயிர்க்கு.’ துச்சில் என்றால் ஒண்டுக்குடித்தனம், புக்கில் என்றால் நிரந்தரமாகப் புகுந்து தங்கும் வீடு. உடம்பில் ஒண்டிக்கொண்டிருக்கும் இந்த உயிருக்குச் சொந்தமாக ஒரு வீடு இன்னும் அமையவில்லை போலும் என்கிறார் வள்ளுவர். படத்தில் வருவது முந்தைய குறள்தான். ஆனால் ஜேம்ஸ் சுந்தரத்தின் வாசலை மிதிக்கும்போது எனக்குக் காதில் கேட்டது இந்தக் குறள்.

ஐந்தாம் படி: அசையாத கேமரா, ஓயாத தொலைக்காட்சி

கேமரா பெரும்பாலும் நின்ற இடத்தில் நிற்கிறது. மனிதர்கள் அதன் முன் வருகிறார்கள், போகிறார்கள். சில நேரம் நீங்கள் பார்க்க விரும்பும் ஆள் ஒரு கதவு நிலைக்குப் பின்னாலோ சன்னலுக்கு அப்பாலோ இருப்பார். நாடக மேடைக்கு முன் உட்கார்ந்திருப்பவரின் பார்வை இது. நாடகக்காரரைப் பற்றிய படம் என்பதை மறக்க வேண்டாம். முகத்தைக் கிட்டத்தில் காட்டி ‘இங்கே அழுங்கள்’ என்று யாரும் உங்களை இழுக்க மாட்டார்கள். காட்சியின் சட்டத்துக்குள் (ஃபிரேமுக்குள்) எங்கே பார்ப்பது என்பதை நீங்களேதான் முடிவு செய்ய வேண்டும். ஓரத்தில் உட்கார்ந்திருப்பவரைப் பாருங்கள், அங்கேதான் பெரும்பாலும் செய்தி இருக்கிறது. ‘பேரன்பு’, ‘கர்ணன்’ படங்களின் ஒளிப்பதிவாளரான தேனி ஈஸ்வர், பழனி வட்டாரத்துத் தெருவையும் திண்ணையையும் வெயிலையும் சுற்றுலாக்காரரின் வியப்பு துளியும் இல்லாமல் எடுத்திருக்கிறார்.

இப்போது ஒலி. படத்துக்கென்று தனியாகப் போட்ட பின்னணி இசை உங்களை வழிநடத்தாது. அந்த இடத்தில் பழைய தமிழ்த் திரைப்பாடல்களும் வசனங்களும் ஏதாவது ஒரு வீட்டுத் தொலைக்காட்சியிலிருந்தோ வானொலியிலிருந்தோ வந்துகொண்டே இருக்கின்றன. மதிய நேரத்தில் எந்த ஊர்த் தெருவில் நடந்தாலும் கேட்கும் ஓசைதான். காட்சியில் நடப்பதற்கு அந்தப் பாடல் உரை சொல்லும், சில இடங்களில் எதிர்த்துப் பேசும், சில இடங்களில் தற்செயலாக ஒலிப்பதுபோல் ஒலித்துவிட்டுப் போகும். மலையாளப் பார்வையாளருக்கு இது இனிய பழைய ஓசை. நமக்கு ஒவ்வொரு வரியும் புரிகிறது. வசனம் எழுதியவரே இரண்டாவது குரலில் நமக்கு மட்டும் காதோடு பேசுவதுபோல் இருக்கிறது. ஹெட்ஃபோன் கேட்டது இதற்காகத்தான்.

மதுக்கடையில், ஓடும் பழைய வசனத்துக்கு மம்மூட்டி நடித்துக் காட்டும் ஒரு காட்சி வரும். ஜேம்ஸுக்குள் சுந்தரம், சுந்தரத்துக்குள் இன்னொரு நடிகரின் குரல். அந்த இடத்தில் நிறுத்திவிட்டு மறுபடியும் ஒருமுறை பாருங்கள். நான் பார்த்த நடிப்பிலேயே மிகச் சிறந்த சில நிமிடங்களில் ஒன்று அது.

ஆறாம் படி: ‘அவனுக்கு என்ன ஆயிற்று?’ என்ற கேள்வியை வாசலில் விட்டுவிடுங்கள்

இதுதான் கடினமான படி. இந்த வகைக் கதைக்கு நம்மிடம் ஆயத்தமாக மூன்று விடைகள் உண்டு. பேய் பிடித்தது, மனநோய், முற்பிறவி. 1993இல் வந்த ‘மணிச்சித்ரத்தாழ்’ மலையாளத்திலும், 2005இல் வந்த ‘சந்திரமுகி’ தமிழிலும் நம்மைப் பழக்கியிருக்கும் முறை இது. முதலில் பேய் என்று காட்டு, பிறகு மருத்துவர் வந்து நோய் என்று சொல்லட்டும், கடைசியில் குணமாகட்டும். அந்தப் பழக்கத்தோடு இங்கே வந்தால், மருத்துவர் எப்போது வருவார் என்று காத்திருப்பீர்கள். அவர் வரமாட்டார்.

இந்தப் படத்துக்குத் தூண்டுதலாக இருந்தது ஒரு பிளைவுட் விளம்பரம். படமே அதைச் சொல்லி நன்றி தெரிவிக்கிறது. தமிழ் ஊர் ஒன்றின் வழியே போகும் பஸ்ஸிலிருந்து ஒரு சீக்கியச் சிறுவன் இறங்குகிறான், தமிழில் பேசுகிறான், போன பிறவியின் வீட்டுக்குப் போகிறான். விளம்பரத்தில் அதற்கு விடை உடனே கிடைத்துவிடும், மறுபிறவி என்று. லிஜோ அந்த விடையைப் பிடுங்கி எறிந்துவிட்டு, கேள்வியை மட்டும் ஒரு முழு ஊரின் நடுவே நிறுத்தியிருக்கிறார். சுந்தரம் செத்துப்போனாரா என்பதுகூட யாருக்கும் உறுதியில்லை. காணாமல் போனவர், அவ்வளவுதான். இறந்தவர் வீட்டில் காரியம் நடந்து முடிந்துவிடும். காணாமல் போனவர் வீட்டில் காரியமும் செய்ய முடியாது, கதவையும் சாத்த முடியாது.

எனவே கேள்வியை மாற்றிக்கொள்ளுங்கள். சாமியாட்டம் பார்த்தவர்களுக்கு இது எளிது. ஒருவர் மேல் அருள் வந்து ஆடும்போது, ‘இவர் உண்மையில் யார்?’ என்று ஆடுபவரைப் பரிசோதிப்பதில்லை. சுற்றி நிற்பவர்கள் என்ன செய்கிறார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. யாரோ ஒருவர் திருநீற்றை நீட்டுகிறார், யாரோ ஒருவர் குறி கேட்கிறார், பெற்ற தாயே மகனைக் கைகூப்பி ‘சாமி’ என்கிறாள். பேய் ஓட்டும் கோடாங்கி உடுக்கையை அடித்துக்கொண்டு கேட்பதும் இதைத்தான்: நீ யார், எங்கிருந்து வந்தாய், என்ன வேண்டும்? பெயர் சொல்லி, வேண்டியதைக் கேட்டு, அதை ஊர் ஏற்றுக்கொண்டால்தான் வந்தது வந்ததாகும். நான் யார் என்பதை நான் ஒருவனே முடிவு செய்ய முடியாது, என்னைப் பார்ப்பவர்களும் சேர்ந்துதான் அதை நடத்திக்கொடுக்கிறார்கள் என்பதை நம் ஊர்க் கோயில் வாசல்கள் காலங்காலமாகச் சொல்லிக்கொண்டிருக்கின்றன.

ஏழாம் படி: சுற்றி நிற்பவர்களை ஒவ்வொருவராகப் பாருங்கள்

இங்கே அவசரப்படாதீர்கள். இந்தப் படத்தின் செல்வம் முழுவதும் இங்கேதான் இருக்கிறது.

சுந்தரத்தின் தாய்க்குக் கண் தெரியாது. தொலைக்காட்சிக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிறார். வந்தவரின் முகம் வேறு என்பது அவருக்கு ஒரு தடையே இல்லை. முகம் பார்த்து ஆளை முடிவு செய்யும் நம் எல்லோருக்கும் அந்த அம்மா ஒரு கேள்வி.

தந்தையாக நடித்திருப்பவர் ‘பூ’ ராமு. வீதி நாடகங்களில் வளர்ந்த கலைஞர், இந்தப் படம் வெளிவருமுன்பே 2022 ஜூனில் காலமானார். அவருக்குக் கண் தெரியும், வந்தவன் தன் மகனில்லை என்றும் தெரியும். பிறகு அவர் என்ன செய்கிறார், எப்படி உட்கார்ந்திருக்கிறார், எங்கே பார்க்கிறார் என்பதைக் கவனியுங்கள். வசனத்தை எதிர்பார்க்க வேண்டாம். அந்த உடம்பே பேசிவிடுகிறது.

பிறகு இரண்டு பெண்கள். பூங்குழலியாக ரம்யா பாண்டியன், ஜேம்ஸின் மனைவி சாலியாக ரம்யா சுவி. நடிகைகளின் பெயரும் ஒன்றாக அமைந்துவிட்டது. ஒருத்தியின் கணவன் வேறொருவனாகி, கண் முன்னால் இன்னொரு வீட்டில் உட்கார்ந்திருக்கிறான். இன்னொருத்தியின் கணவன் வேறு ஒருவனின் உடம்போடு திரும்பி வந்திருக்கிறான். சாலியிடம் உடம்பு இருக்கிறது, ஆள் இல்லை. பூங்குழலியிடம் ஆள் இருக்கிறது, உடம்பு இல்லை. இரண்டு பேரும் அதிகம் பேசுவதில்லை. ஊரும் பஸ்ஸும் சேர்ந்து ஆண்களாகக் கூடி நின்று என்ன செய்யலாம் என்று சத்தமாக ஆலோசிக்கும்போது, இந்த இருவரும் எங்கே இருக்கிறார்கள் என்று சட்டத்துக்குள் தேடுங்கள். இரண்டாம் முறை பார்க்கும்போது நான் அப்படித்தான் பார்த்தேன். அப்போதுதான் இது ஜேம்ஸின் கதை என்று நான் நினைத்திருந்தது எவ்வளவு அரைகுறை என்பது புரிந்தது. பூங்குழலி அந்த மனிதரை நம்புகிறாளா, நம்ப விரும்புகிறாளா, நம்பாமலேயே அந்த ஒரு நாளை வாங்கிக்கொள்கிறாளா? படம் விடை சொல்லாததற்கு நான் நன்றியுடையவனாக இருக்கிறேன்.

பஸ்ஸில் வந்தவர்களையும் விடாதீர்கள். முதலில் சிரிப்பு, பிறகு எரிச்சல், பிறகு பயம், அதற்குப் பிறகு வேறு ஏதோ ஒன்று. ஜேம்ஸின் மகனை மட்டும் தனியாகப் பாருங்கள். தந்தை தன்னை அடையாளம் தெரியாதவராக நடந்துகொள்ளும்போது ஒரு பையன் என்ன ஆவான்?

இந்தப் படத்தை என் அத்தையோடு ஒருமுறை பார்த்தேன். எழுபது வயது, வாழ்நாளெல்லாம் மாடு வளர்த்தவர். சோதனைப் படம், உருவகம் என்ற சொற்களையெல்லாம் நான் அவரிடம் சொல்லவில்லை. பாதிப் படத்தில், “அவன் யார் என்று நினைக்கிறீர்கள்?” என்று கேட்டேன். திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னார்: “வந்தவன் மாட்டுக்குத் தீனி வைத்தான். விருந்தாளி வைப்பானா?”

எட்டாம் படி: திருமூலரோடு சேர்த்து ஒருமுறை

அத்தை சொன்னது எனக்குப் பெரியபுராணத்தை நினைவூட்டியது. கயிலையிலிருந்து அகத்தியரைக் காணப் பொதிகைக்குப் போகும் ஒரு யோகி, திருவாவடுதுறை அருகே காவிரிக் கரையில் ஒரு காட்சியைக் காண்கிறார். சாத்தனூர் இடையன் மூலன் இறந்து கிடக்கிறான், அவன் மேய்த்த பசுக்கள் உடலைச் சுற்றி நின்று கதறுகின்றன. அவற்றின் துயரம் தாளாமல் யோகி தன் உடலை ஓரிடத்தில் வைத்துவிட்டு மூலனின் உடலுக்குள் புகுகிறார். பசுக்கள் மகிழ்கின்றன. மாலையில் அவற்றை ஊருக்கு ஓட்டிச் செல்கிறார். மூலனின் மனைவி வந்து கையைப் பிடிக்கப் போகும்போது, உனக்கும் எனக்கும் உறவில்லை என்று விலகுகிறார். தன் பழைய உடலைத் தேடிப் போனால் அது அங்கே இல்லை. மூலன் உடலிலேயே இருந்து திருமூலர் ஆகிறார்.

கூடுவிட்டுக் கூடு பாய்ந்த இந்தக் கதையைப் படத்தின் மேல் வைத்துப் பாருங்கள். ஒவ்வொரு மூலையும் தலைகீழாகப் பொருந்துகிறது. அங்கே உடல் ஊர்க்காரனுடையது, உயிர் அந்நியம். இங்கே உடல் அந்நியம், உயிர் ஊர்க்காரனுடையது. அங்கே வந்தவர் மனைவியை மறுக்கிறார். இங்கே வந்தவர் எல்லா உறவையும் உரிமையோடு கேட்கிறார், தயங்குவது வீட்டார்தான். பசு இரண்டு கதைகளிலும் இருக்கிறது. சிறுவயதில் புராணம் கேட்டபோது அந்த மனைவியைப் பற்றி நான் யோசித்ததே இல்லை. பசுக்களின் துயரத்துக்கு இரங்கிய யோகி, அவளை வாசலில் நிறுத்திவிட்டுப் போனார். பூங்குழலியைப் பார்த்த பிறகு சாத்தனூர்க்காரி எனக்கு மறக்காமல் ஆகிவிட்டாள்.

ஒன்பதாம் படி: உருவகத்தைப் பூட்டுச்சாவியாக்க வேண்டாம்

‘உருவகப் படம்’ என்று கேள்விப்பட்டவுடன், ஜேம்ஸ் என்றால் கேரளம், சுந்தரம் என்றால் தமிழ்நாடு, பஸ் என்றால் பிறவிப் பயணம் என்று அட்டவணை போடத் தோன்றும். போட்டுப் பாருங்கள், கொஞ்ச தூரம் பொருந்தும். தமிழரின் சாப்பாட்டையும் பாட்டையும் சலித்துக்கொண்ட ஒருவர் தமிழராகவே விழிக்கிறார் என்பதில் அண்டை மாநிலத்தார் இருவருக்கும் உரைக்கும் ஒரு செய்தி இருக்கிறதுதான். ‘தளபதி’யிலும் ‘பேரன்பு’விலும் தமிழராகவே நாம் ஏற்றுக்கொண்ட மம்மூட்டி அந்த வேடத்தைச் செய்வது அதை இன்னும் அடர்த்தியாக்குகிறது. தினம் ஒரு வேடம் போட்டு, தினம் அதைக் கலைத்து வாழும் நடிகர்களின் உருவகமாகவும் எடுத்துக்கொள்ளலாம். நாடகக் குழுவின் தலைவர் மேல் ஒரு வேடம் ஏறிக்கொண்டு இறங்க மறுத்தால்?

இந்த வாசிப்புகளில் எனக்கு நடிகரைப் பற்றியது பிடித்திருக்கிறது, மாநிலங்களைப் பற்றியது கொஞ்சம் எளிமையாகப் படுகிறது. எதை நீங்கள் எடுத்துக்கொண்டாலும், அது பூங்குழலியின் வீட்டுத் திண்ணையில் நிற்கிறதா என்று சோதித்துப் பாருங்கள். அங்கே நிற்காத விளக்கம் எவ்வளவு புத்திசாலித்தனமாக இருந்தாலும் எனக்கு வேண்டாம்.

பத்தாம் படி: அடுத்த படம்

முதல் முறை பார்த்த உடனே விமர்சனங்களைத் தேடிப் படிக்காதீர்கள். ஒரு வாரம் விட்டுவிட்டு, முடிந்தால் வெயில் ஏறிய ஒரு மதியத்தில், வேறு ஒருவரோடு மறுபடியும் பாருங்கள். தாளில் எழுதிய ஜேம்ஸின் பட்டியலை அவரிடம் காட்டாதீர்கள், அவரே கண்டுபிடிக்கட்டும்.

அதற்குப் பிறகு மணி கௌல் 1973இல் எடுத்த ‘துவிதா’வுக்குப் போகலாம். ராஜஸ்தான் எழுத்தாளர் விஜய்தான் தேத்தா எழுதிய நாட்டார் கதை. கல்யாணமான கையோடு வியாபாரத்துக்காக ஊரைவிட்டுப் போகும் வணிகன் மகன். மணப்பெண்ணின் மேல் ஆசைப்பட்டு அவன் உருவத்திலேயே வீட்டுக்கு வரும் ஒரு பேய். லிஜோ படத்தைவிடப் பல மடங்கு மௌனமானது, அசையாத நிழற்படங்களாகவே நகரும் இடங்கள் அதில் உண்டு. நேராக அதற்குப் போனால் திணறுவீர்கள். இந்தப் பத்துப் படிகளுக்குப் பிறகு போனால் திணறமாட்டீர்கள். அங்கே வருபவன் மணப்பெண்ணிடம் பொய் சொல்வதில்லை. நான் உன் கணவன் இல்லை, அவன் உருவத்தில் வந்திருக்கும் பேய் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறான். அதைக் கேட்டுவிட்டு அவள் என்ன செய்கிறாள் என்று பார்க்கும்போது, பூங்குழலி உங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருக்கட்டும்.